பெரிய கிறிப்பைக் கொஞ்சம் கீழே வையுங்கள்

மட்டக்களப்பு வாவியின் எழுவான்கரையிலும் படுவான்கரையிலும் போட் எஞ்சின், தையல் மெஷின், மோட்டார் சைக்கிள், கைத்தொலைபேசி என்று எதையாவது கழற்றிப் பூட்டிப் பிழைக்கிற தம்பிமாருக்கும் தங்கச்சிமாருக்கும்,

 

தொழிற்பயிற்சி முடித்து வெளியேறுகிற பிள்ளைகளுக்கு இனாமாகக் கொடுக்கப்படும் கருவிப் பெட்டி ஒன்றைத் திறந்து பார்க்கக் கிடைத்தது. கொடுத்தவர்கள் நல்ல மனதோடுதான் கொடுத்திருக்கிறார்கள், குறை சொல்வதற்கில்லை. சுத்தியல் இருந்தது, ஸ்பானர் செட் இருந்தது, பத்து அங்குல வைஸ் கிறிப் ஒன்றும் பளபளவென்று படுத்திருந்தது. காபரேட்டர் ஜெட்டையோ, தையல் மெஷின் பொபின் கூட்டின் ஸ்குறூவையோ பிடித்து நிறுத்த ஒரு சாமானும் இல்லை. அந்தப் பெட்டியோடு வேலைக்குப் போகிற பிள்ளை என்ன செய்யும்? இருப்பதைக் கொண்டுதானே சமாளிக்கும். வாவிக்கரையில் நான் திறந்து பார்க்கிற காபரேட்டர்களில் பித்தளை ஜெட்டின் தலையெல்லாம் பல்லுக்கடி பட்டுக் கிடப்பதன் கதை இதுதான்.

வைஸ் கிறிப் போன்ற பூட்டிக்கொள்ளும் குறடு என்றாலே கைக்கு மேலதிக பலம் கொடுக்கிற சாமான் என்று நினைக்கிறோம். துருப்பிடித்த போல்டுக்கு அது சரி. சின்னச் சாமானுக்கு வேண்டியது பலமல்ல, அளவான ஒரு பிடி. அந்தப் பிடி எவ்வளவு நேரம் சென்றாலும் கூடாமல் குறையாமல் அப்படியே நிற்க வேண்டும். மனிதக் கைக்கு அது முடியாது. கை வியர்க்கும், களைக்கும், பின்னால் யாராவது கூப்பிட்டால் தளரும். அந்த நேரத்தில்தான் ஸ்பிரிங் பறந்துபோய் மணலில் புதையும்.

இந்தச் சிக்கலை மெக்கானிக்மாருக்கு முன்னரே யோசித்துத் தீர்த்தவர்கள் சத்திரசிகிச்சை வைத்தியர்கள். அறுத்த இடத்தில் இரத்தக் குழாயை உதவியாளர் விரலால் அமர்த்திக்கொண்டே நின்றால் வேலை நடக்காது. குழாயைக் கவ்விப் பூட்டிவிட்டுக் கையை எடுக்கக்கூடிய இடுக்கியை 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் இங்கிலாந்தில் ஸ்பென்சர் வெல்ஸும் பிரான்சில் பெயானும் பழக்கத்துக்குக் கொண்டுவந்தார்கள். ஆஸ்பத்திரியில் ஆர்ட்டறி ஃபோசெப்ஸ் என்று தாதிமார் சொல்வது அதைத்தான். கத்தரிக்கோல் மாதிரி விரல் வளையம் இரண்டு, வளையத்துக்குக் கிட்ட ஒன்றோடொன்று கொளுவும் பற்கள், நுனியில் வரி வெட்டிய ஒடுங்கிய வாய். ஒரு 'கிளிக்' என்றால் மெல்லிய பிடி, அடுத்த கிளிக்கில் கொஞ்சம் இறுக்கம். இறுக்கம் எங்கிருந்து வருகிறது என்றால், அந்த இரண்டு கால்களும் கொஞ்சம் வளைந்து ஸ்பிரிங்காக நிற்பதிலிருந்து. அதனாலேயே அதற்கு ஒரு எல்லையும் உண்டு. எவ்வளவு அமர்த்தினாலும் ஒரு ஜெட்டை நசுக்குகிற அளவுக்கு அதால் இறுக்க முடியாது. சின்னச் சாமானுக்கு நான் முதலில் அதை எடுப்பதற்குக் காரணம் இதுதான்.

வாங்கும்போது இரண்டு வாங்குங்கள். ஒன்று ஐந்து அங்குலத்தில் மெல்லிய நுனியுள்ளது. மொஸ்கிட்டோ என்று கேட்டால் தருவார்கள். ஈ-வளையம், மயிர்போன்ற ஸ்பிரிங், ஓவர்லொக் மெஷினின் கீழ்க் கொக்கிக்கு நூல் கோர்ப்பது எல்லாம் அதன் வேலை. மற்றது ஊசி பிடிக்கிற இடுக்கி, நீடில் ஹோல்டர். அதன் வாய் கட்டை, கால் நீளம். அதனால் பிடி பலம். கொட்டர்பின்னை வளைக்க, கம்பி முறுக்க, தலை தேய்ந்த சிறு ஸ்குறூவைக் கவ்வித் திருப்ப அதுதான் தோது. வளைந்த மூக்கா நேர் மூக்கா என்று கேட்டால், முதலாவதை நேராக வாங்குங்கள். வளைந்தது எஞ்சின் மூலைகளுக்கு உதவும், ஆனால் திருப்புகிற வேலையில் அச்சு விலகி ஆடும்.

கடையில் நின்று சோதிக்கிற முறையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். விலை கொடுத்த பிறகு சோதித்துப் பயனில்லை.

முதலில் வெளிச்சத்துக்கு நேரே பிடித்து மெதுவாக மூடுங்கள். நுனி முதலில் முட்ட வேண்டும். பிறகு ஒவ்வொரு கிளிக்குக்கும் அந்த முட்டல் நுனியிலிருந்து பின்னோக்கிப் பரவ வேண்டும். நடுவில் முட்டி நுனியில் வெளிச்சம் தெரிந்தால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள், அது ஸ்பிரிங்கைத் துப்பிவிடும். அடுத்தது, முதலாவது பல்லில் மட்டும் பூட்டி, மூட்டில் பிடித்துக்கொண்டு, பூட்டுப் பற்கள் உள்ள பக்கத்தைக் கடை மேசை விளிம்பில் மெல்லத் தட்டுங்கள். தானாகத் திறந்துகொண்டால் பல் சரியில்லை. சத்திரசிகிச்சைக் கருவிகளைப் பராமரிக்கிறவர்கள் செய்கிற சோதனைதான் இது, கடைக்காரர் முறைத்தால் முறைக்கட்டும். கடைசியாக, மூட்டைப் பாருங்கள். நல்லதில் ஒரு கால் மற்றக் காலுக்குள்ளே துளைத்து ஊடுருவிப் போகும், பக்கவாட்டில் ஆடாது. மலிவானதில் ஒன்றன்மேல் ஒன்று படுத்து ஆணி அடித்திருக்கும். கொஞ்ச நாளில் நுனிகள் ஒன்றையொன்று தாண்டிப் போகும்.

காந்தம் பற்றியும் ஒரு வார்த்தை. ஸ்ரெயின்லெஸ் என்றால் காந்தம் ஒட்டக்கூடாது என்று எங்கள் ஆட்களிடம் ஒரு நம்பிக்கை ஊறிப்போய்க் கிடக்கிறது. கஞ்சிப் பானைக்கு அது பொருந்தலாம். இடுக்கிக்குப் பொருந்தாது. இவ்வகை இடுக்கிகளைப் பெரும்பாலும் 410, 420 என்ற எண்களால் அழைக்கப்படும் உருக்கில் செய்கிறார்கள். அதைச் சுடவைத்துக் குளிரவைத்து வைரமாக்கலாம். அதில் காந்தம் ஒட்டும். காந்தம் ஒட்டாத 304 வகையை அப்படி வைரமாக்க முடியாது, அதில் செய்தால் மெல்லிய நுனி வளைந்துபோகும். காந்தம் ஒட்டினால் பயப்படாமல் வாங்குங்கள். உலகத்தில் இக்கருவிகள் பெருமளவில் வருவது பாகிஸ்தானின் சியால்கோட் நகரிலிருந்து. அங்கே மிகத் தரமானதும் செய்கிறார்கள், தரமற்றதும் செய்கிறார்கள். ஆகவே பொறித்திருக்கும் ஊர்ப் பெயரை விட மேலே சொன்ன சோதனைகளை நம்புங்கள். ஆஸ்பத்திரியில் பாவித்துக் கழித்த பழையதை மட்டும் யார் மலிவாகத் தந்தாலும் வாங்காதீர்கள். எதில் தொட்டது, எப்படிக் கழுவியது என்று உங்களுக்குத் தெரியாது.

இடுக்கியால் முடியாதவையும் உண்டு. தீக்குச்சியை விட மொத்தமான எதையும் அதன் வாய்க்குள் திணித்துப் பூட்ட வேண்டாம். கால்கள் வளைந்துவிடும், பிறகு நுனி ஒருநாளும் முட்டாது. நட்டுக் கழற்றவும் அதைத் தொடாதீர்கள்.

இனி அந்தப் பெரியவருக்கு வருவோம். வைஸ் கிறிப்பைக் கண்டுபிடித்தவர் வில்லியம் பீற்றர்சன் என்ற கொல்லர். டென்மார்க்கிலிருந்து அமெரிக்காவுக்குப் போய் நெப்ராஸ்காவின் டிவிற் என்ற சிற்றூரில் உலை வைத்தவர். பூட்டுகிற நெம்பு உள்ள வடிவத்துக்கு 1924இல் காப்புரிமை பெற்றார். உலையில் ஒரு கையால் இரும்பைப் பிடித்து மறுகையால் வேலை செய்கிற மனிதருக்கு மூன்றாவது கை தேவைப்பட்டதில் ஆச்சரியமில்லை. எங்கள் கொல்லர்கள் அதே தேவைக்கு நீண்ட குறட்டின் கால்களில் ஒரு இரும்பு வளையத்தைத் தள்ளி இறுக்கிவிட்டுச் சம்மட்டியை எடுப்பார்கள். டிவிற்றில் இருந்த ஆலையை 2008இல் மூடி உற்பத்தியைச் சீனாவுக்குக் கொண்டுபோனார்கள். பெயரைப் பார்த்து வாங்குகிற காலம் அத்தோடு போயிற்று. இப்போது பற்களையும் ஆணிகளையும்தான் பார்க்க வேண்டும்.

அதன் சூட்சுமம் உள்ளே இருக்கிற சிறு நெம்பில் இருக்கிறது. கைபிடியை அமர்த்தும்போது மூன்று அச்சாணிகள் மெல்ல மெல்ல ஒரே கோட்டுக்கு வருகின்றன. கோட்டைக் கொஞ்சம் தாண்டியதும் 'டக்' என்று பூட்டிக்கொள்ளும், திரும்பி வராது. கோட்டுக்குக் கிட்ட வர வர, கைபிடியில் நீங்கள் கொடுக்கிற சின்ன அமத்தல் வாயில் பலமடங்காகிறது. போல்டுக்கு இது வரம், பித்தளைக்கும் அலுமினியத்துக்கும் இது எமன். பின்னால் இருக்கிற ஸ்குறூவைக் கால் சுற்றுத் திருப்பினாலே வழுக்குகிற பிடி நசுக்குகிற பிடியாகிவிடும். இரண்டுக்கும் நடுவில் இருக்கிற இடம் அவ்வளவு ஒடுக்கம்.

சின்னச் சாமானுக்கு இதைப் பாவிக்கத்தான் வேண்டும் என்றால் நான்கு, ஐந்து அங்குலத்தில் நீண்ட மூக்குள்ளதைத் தேடுங்கள். ஸ்குறூவை நன்றாகத் தளர்த்திவிட்டு, கைபிடியை முழுக்க மூடுங்கள். மூடிய நிலையிலேயே வாய்க்குள் சாமானை வைத்து, வாய் அதை மெல்லத் தொடும் வரை ஸ்குறூவைத் திருப்புங்கள். பிறகு திறந்து, ஒரு மயிரளவு மட்டும் கூட்டி, பூட்டிப் பாருங்கள். இரண்டு விரலால் அமர்த்தப் பூட்டினால் சரி. உள்ளங்கையால் நெரிக்க வேண்டி வந்தால் கூடிவிட்டது, தளர்த்துங்கள்.

பல்லுக்கும் சாமானுக்கும் இடையில் எப்போதும் ஏதாவது வையுங்கள். செம்புத் தகடு ஒரு துண்டு, தோல் துண்டு, ஒன்றும் இல்லையென்றால் சோடா ரின்னின் அலுமினியத்தை நாலாக மடித்தால் போதும். புரி வெட்டிய சிறு தண்டைப் பிடிக்க வேண்டியிருந்தால் நேரே கவ்வாதீர்கள். அதே அளவு நட்டு ஒன்றை எடுத்து, ஒரு பக்கத்தை வாளால் அறுத்துப் பிளந்து, தண்டில் சுற்றி ஏற்றி, அந்த நட்டைக் கிறிப்பால் கவ்வுங்கள். பிளவு மூடித் தண்டை நாலாபக்கமும் அணைத்துக்கொள்ளும், புரியில் ஒரு கீறலும் விழாது. பெட்டியில் பழைய நட்டுகள் கிடக்கும்தானே, ஓய்வு நேரத்தில் ஐந்தாறு அளவில் அறுத்து ஒரு கம்பியில் கோர்த்து வைத்துவிடுங்கள்.

கையில் காசில்லை, இதெல்லாம் எங்கே வாங்குவது என்கிற பிள்ளைக்கு ஒரு வழி சொல்கிறேன். 2022இல் டொலர் 200 ரூபாவிலிருந்து 360க்குப் பாய்ந்தபோது கருவி விலையும் கூடவே பாய்ந்தது, இன்னும் முழுக்க இறங்கவில்லை. சைக்கிள் ரியூப்பைக் குறுக்கே வெட்டி ஒரு சென்ரிமீற்றரில் பாதி அகலத்துக்கு வளையங்கள் எடுங்கள். சாதாரண மூக்குக் குறட்டின் கைபிடிகளைச் சேர்த்து அதை மாட்டுங்கள். அவ்வளவுதான், பூட்டுக் குறடு கிடைத்துவிட்டது. கைபிடியின் கடைசிக்குத் தள்ளினால் பிடி இறுகும், மூட்டுப் பக்கம் இழுத்தால் இளகும்; நீங்கள் தீர்மானிக்கிற அளவுதான், ரப்பர் தன்பாட்டில் கூட்டாது. ஒரு ஸ்பிரிங்கின் கொக்கியை, எல்ஈடி விளக்கின் காலை, ஈயம் பற்றவைக்கிற வயரைப் பிடிக்க இதைவிடக் கொடுத்த காசுக்குப் பெறுமதியான சாமான் நான் கண்டதில்லை. பெற்றோல் பட்டால் ரப்பர் ஊதிவிடும், வெயிலில் வெடிக்கும். நாலைந்து வளையம் பையில் கிடக்கட்டும்.

கைத்தொலைபேசி வேலைக்காரருக்கு, அமர்த்தினால் திறந்து, விட்டால் தானாக மூடிக்கொள்ளும் சாமணம் போதும். நகை வேலைக்காரர் நெருப்பில் பற்றவைக்கும்போது பாவிப்பதும் அதுவே. ஈயம் வைக்கும் இடத்துக்கும் உதிரிப்பாகத்துக்கும் நடுவில் காலைக் கவ்விவிட்டால் சூட்டை அந்த உலோகம் வாங்கிக்கொள்ளும், பாகம் வேகாது.

போட் எஞ்சின்காரரோடு கொஞ்சம் கூட நேரம் இருக்க வேண்டும். மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவிலிருந்து ஒரே நாளில் 340 ஆனது 2022 ஆகஸ்டில். அதற்குப் பிறகு எந்த மீனவரும் எஞ்சின் ஒரு சொட்டுக் கூடக் குடிப்பதைப் பார்த்துக்கொண்டிருக்க மாட்டார். ஜெட் துளை ஒரு மயிரளவு பெருத்தாலும் எண்ணெய்க் கணக்கு மாறும். ஆனால் அடைப்பெடுக்க இரும்புக் கம்பியையோ துரப்பண ஊசியையோ விடுகிற பழக்கம் இன்னும் போகவில்லை. பித்தளை மெது, இரும்பு வைரம். ஒவ்வொரு குத்துக்கும் துளை தேயும். மொஸ்கிட்டோ இடுக்கியில் ஜெட்டின் தலை விளிம்பை ஒரு கிளிக்கில் மட்டும் பிடித்து, மற்றக் கையில் தங்கூசி நூலின் ஒரு துண்டை எடுத்து நுழையுங்கள். தங்கூசியில் வலை கட்டத்தான் தடை, ஜெட் துப்புரவாக்கத் தடையில்லை. அதற்கும் மசியாவிட்டால் கழுவும் திரவத்தில் ஊறவைத்துக் காற்றடியுங்கள். ஜெட்டைத் திரும்பப் பூட்டும்போது இடுக்கி தொடக்கப் புரியைப் பிடித்துக் கொடுப்பதோடு சரி, இறுக்குவது பொருத்தமான திருப்புளியின் வேலை.

தோணியில் வைத்தே கழற்றுகிறவர்களும் இருக்கிறார்கள். கரைக்குக் கொண்டுவாருங்கள் என்றால் கேட்கவா போகிறீர்கள்? இடுக்கியின் விரல் வளையத்தில் ஒரு கயிறு கட்டி, மறுநுனியில் வலைக்குக் கட்டுகிற மிதப்பு ஒன்றைப் போடுங்கள். கழற்றுகிற பாகத்துக்குக் கீழே துணி விரித்த தட்டு வையுங்கள். ஸ்பிரிங் உள்ள எதையும் பெரிய பொலித்தீன் பைக்குள் கையை விட்டு, பைக்குள்ளேயே கழற்றுங்கள். பறந்தாலும் பைக்குள்தான் பறக்கும். மண்முனைப் பாலம் வருவதற்கு முந்திய காலத்தில் படுவான்கரையில் ஒரு சின்ன ஸ்பிரிங் தொலைந்தால், பாதை என்கிற படகில் ஏறி இக்கரை வந்து, கடை தேடி, திரும்பப் பாதைக்குக் காத்திருந்து என்று ஒரு நாள் வேலை போய்விடும். பாலம் வந்தபின் அந்தப் பயம் குறைந்ததில் கவனமும் கொஞ்சம் குறைந்துவிட்டது என்பது என் மனக்குறை.

கெளுத்தி விழுங்கிய தூண்டிலை எடுக்கவும் இந்த இடுக்கி நல்லது. கொக்கியின் வளைவைக் கவ்விப் பூட்டித் திருப்பினால் கை முள்ளுக்குக் கிட்டப் போக வேண்டியதில்லை. ஆனால் கொக்கி உங்கள் சதையில் ஏறினால் எஞ்சின் எண்ணெய் பூசிய அதே இடுக்கியால் தோண்டாமல் வைத்தியசாலைக்குப் போங்கள்.

தொழில் பழக்குகிறவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். இந்த ஊரில் கைத்தொழில் பழக்குவதற்கென்று வாழ்வைக் கொடுத்தவர்கள் இருந்திருக்கிறார்கள். புனித மைக்கல் கல்லூரியில் கூடைப்பந்து பழக்கிய அமெரிக்க இயேசுசபைத் துறவி இயூஜின் ஹீபர்ட், பின்னாளில் கிழக்குத் தொழில்நுட்ப நிறுவகத்தை நடத்தினார். 1990 ஆகஸ்ட் 15இல் வாழைச்சேனையிலிருந்து மட்டக்களப்புக்கு வரும் வழியில், உடன் வந்த இளைஞரோடு காணாமல் போனவர் போனவர்தான். அப்படிப்பட்ட ஊரில் பயிற்சி முடித்த பிள்ளைக்குக் கொடுக்கிற பெட்டி கண்ணுக்கு நிறைந்தால் மட்டும் போதாது. பத்து அங்குலக் கிறிப்பின் இடத்தில் ஐந்து அங்குலத்தை வையுங்கள். மிச்சப்படுகிற காசுக்கு ஒரு மொஸ்கிட்டோ இடுக்கி, ஒரு செம்புத் தகடு வாங்கி வையுங்கள். தொழில் தகைமை (என்விகியூ) மட்டம் எதுவானாலும் சரி, பரீட்சையில் பிள்ளை ஒரு ஜெட்டைக் கீறாமல் கழற்றிப் பூட்டிக் காட்டட்டும்.

கடைசியாக உப்பு. வாவித் தண்ணீர் மாரியில் நன்னீராகி, முகத்துவாரம் திறந்து கடல் ஏறியதும் உவராகும். காற்றில் உப்பு வருடம் முழுக்க உண்டு. இடுக்கியின் உருக்கு ஸ்ரெயின்லெஸ்தானே என்று ஈரத்தோடு பெட்டியில் போட்டால் மூட்டுக்குள் புள்ளி புள்ளியாகத் துரு குத்தும், அது வெளியே தெரியாது. வேலை முடிந்ததும் நல்ல தண்ணீரில் அலசி, மூட்டைத் திறந்து மூடித் துடைத்து, மூட்டிலும் பல்லிலும் ஒரு சொட்டுத் தையல் மெஷின் எண்ணெய் விடுங்கள். குளோரின் கலந்த எதிலும் ஊறவைக்காதீர்கள், உப்பை விட மோசம் அது. வைஸ் கிறிப்பில் முதலில் சாவது பின்னால் இருக்கிற ஸ்குறூ. மாதத்துக்கு ஒருமுறை முழுக்கக் கழற்றி, புரியைத் துடைத்துக் கிறீஸ் பூசிப் போடுங்கள். இறுக்கிப் பூட்டிய நிலையில் பெட்டிக்குள் வைக்கவும் வேண்டாம். இடுக்கியானால் முதலாவது பல்லோடு விடுங்கள், கிறிப்பானால் திறந்தே கிடக்கட்டும்.

அன்புடன்,
கல்லடிப் பக்கத்துப் பழைய மெக்கானிக் ஒருவர்